சாலட்டும் அரிவாள்மனையும்

உணவைப் பற்றிக் கல்லூரி மலரில் எழுதுதல் தகுமோ என்று ஐயுறுவார் சிலர் இருக்கலாம். தமிழ்ச் சிறப்பு வகுப்பு மாணவன் ஒருவன் சங்கநூற் பொருளை விடுத்துக் காய்கறி நறுக்கும் பொருளை எடுத்துக்கொண்டானே என நகைப்பாரும் உளராகலாம். ஆயினும் பசியும் சுவையும் மாந்தர் எல்லார்க்கும் பொதுவாதலானும், விடுதி வாழ்வின் காரணமாக நம்முள் பலர் கடையுணவை நாடுவோராதலானும், இப்பொருள் பலர்க்கும் பயன்படும் என்னும் துணிவினால் எழுதப் புகுந்தேன். காய் நறுக்கும் முறையை ஆராயப் புகுந்த எனக்கு, யான் கருதாத வேறொரு கேள்வி இடையே எதிர்ப்பட்டது. அதுவே இக்கட்டுரையின் உயிர்நிலை. அதனை உரிய இடத்தில் உரைப்பேன்.

எங்கள் ஊர் திருவண்ணாமலை. கோயிலையும் மலையையும் நாடி வருவோரால் வளரும் ஊர் அது. செங்கம் சாலையில், ரமணாசிரமத்தைச் சூழ்ந்த பகுதியில், பனிக்காலந்தோறும் மேனாட்டார் பலர் வந்து தங்குவர். அவர்தம் நாவிற்கேற்ற உணவளிக்கும் சிற்றுண்டிச் சாலைகள் அங்கே பல தோன்றியுள்ளன. சென்ற ஆண்டு விடுமுறையில் நண்பன் ஒருவன் என்னை அத்தகைய சாலை ஒன்றிற்கு அழைத்துச் சென்றான். எங்கள் முன் ஒரு பெரிய கிண்ணம் வைக்கப்பட்டது. அதனுள் வெள்ளரி, காரட், முட்டைக்கோசு, குடைமிளகாய், தக்காளி, வெந்த கொண்டைக்கடலை ஆகிய யாவும் ஒரே அளவான சின்னஞ்சிறு துண்டுகளாய், எண்ணெயும் எலுமிச்சஞ் சாறும் மிளகும் மணக்க ஒன்றாய்க் கலந்து கிடந்தன. பச்சைக் காயை ஆட்டுக்குட்டியின் உணவென்றே எண்ணியிருந்த யான் முதற் கரண்டியிலேயே வாயடைத்துப் போனேன். குளிர்ச்சியும் புளிப்பும் சிறிய இனிப்பும் பல்லிடைப்பட்டு நொறுங்கும் இன்பமும் ஒருங்கே வந்தன. அன்று முதல், கையிற் காசு சேர்ந்த போதெல்லாம் என் கால்கள் செங்கம் சாலையை நோக்கியே நடந்தன.

ஆனால் காசு அடிக்கடி சேர்வதில்லை. ஒரு கிண்ணத்தின் விலை 240 ரூபாய். அத்தொகைக்கு எங்கள் இல்லத்தில் நால்வர் இரண்டு நாள் உண்ணுதற்குரிய காய்கறி வாங்கிவிடலாம். இதற்கிடையே லெந்து காலமும் வந்தது. அந்நாற்பது நாளும் புலால் விலக்கும் வழக்கம் எங்கள் வீட்டில் உண்டு. சாம்பாரையும் பொரியலையும் மாறிமாறி உண்டு சலித்த என் தங்கை ஒருநாள் முகம் சுளித்தாள். யான் உடனே, "அந்தக் கடையிற் கிடைக்கும் சாலட்டை வீட்டிலேயே செய்து தருகிறேன், பார்!" என்று வீரம் பேசினேன். பேசிய பிறகே அஃது எளிய செயலன்று என்பது விளங்கிற்று.

மேனாட்டு உணவைப் போலி செய்தல் நமக்கு எதற்கு என்று கேட்பார்க்கு முதற்கண் விடை கூறவேண்டும். சாலட் என்னும் சொல், உப்பைக் குறிக்கும் இலத்தீன் சொல்லினின்று பிறந்தது. உப்பிட்ட பச்சிலை என்பதே அதன் பழம்பொருள். உப்பில்லாப் பண்டம் குப்பையிலே என்னும் பழமொழியுடைய நாட்டினர்க்கு இஃது அயலான கருத்தாகுமோ? மேலும், உலகப் புகழ் பெற்ற உணவக சாலட்டுகள் சிலவற்றின் பிறப்பை நோக்கின், அவை அரும்பொருள்களைத் தேடிச் செய்தவை அல்ல என்பது புலனாகும். சீசர் சாலட் என்பது, மெக்சிகோ நாட்டுத் திகுவானா நகரில் உணவகம் நடத்திய சீசர் கார்தினி என்னும் இத்தாலியர், 1924-ஆம் ஆண்டு அமெரிக்கச் சுதந்திர நாளன்று கூட்டம் மிகுந்து அடுக்களைப் பொருள் குறைந்தபோது, எஞ்சியவற்றைக் கொண்டு கலந்தது என்று வழிவழியாகச் சொல்லப்படுகிறது. ஹாலிவுட்டில் பிரௌன் டெர்பி என்னும் உணவகத்தை நடத்திய ராபர்ட் காப், 1937-ஆம் ஆண்டில் ஓர் இரவு பசித்து, குளிர்பெட்டியிற் கிடந்தவற்றையெல்லாம் நறுக்கிக் கலந்ததே காப் சாலட் என்பர். இருப்பதை வைத்து இன்சுவை ஆக்கும் இத்திறம் நம் வீட்டு அடுக்களைகளில் நாள்தோறும் நிகழ்வதன்றோ?

நம் நாட்டிலேயே இதன் உறவினர் பலர் உளர். ஊறிய பயற்றம் பருப்புடன் வெள்ளரியும் தேங்காய்த் துருவலும் பச்சை மிளகாயும் சேர்த்து, எலுமிச்சை பிழிந்து, கடுகு தாளித்த கோசுமல்லி, ஸ்ரீராம நவமியன்று பானகத்தோடும் நீர்மோரோடும் வழங்கப்படுவது. பந்தி இலையில் அதற்கென ஓர் இடமும் உண்டு. பழந்தமிழ் நூல்களை நோக்கினும், தொண்டைமான் இளந்திரையனைப் பாடிய பெரும்பாணாற்றுப்படையில், மாதுளங் காயைப் பிளந்து மிளகும் கறிவேப்பிலையும் கூட்டி வெண்ணெயில் வெதுப்பிய கறியும், மாவடு ஊறுகாயும் விருந்தினர்க்கு இடப்படுதலைக் காண்கிறோம். காயைப் பிளந்து, காரமும் மணமும் கூட்டி, புளிப்பைத் துணையாக வைக்கும் கலையை நாம் பிறரிடம் கற்றோமல்லோம். இனி, தக்காளியும் மிளகாயும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தவை. எங்கள் மாவட்டத்து மானாவாரி நிலங்களிலெல்லாம் விளையும் வேர்க்கடலையும் தென்னமெரிக்காவிலிருந்து வந்ததே. வந்தவற்றையெல்லாம் நம்முடையனவாக ஏற்றுக்கொண்ட நாம், ஒரு கிண்ணம் சாலட்டைக் கண்டு அஞ்சவேண்டுவதில்லை.

இவ்வாறெல்லாம் வாதம் புரிவது எளிது. கிண்ணத்தை நிரப்புவது அரிது. என் முதல் முயற்சி நகைப்பிற்கிடமாயிற்று. உழவர் சந்தையிற் காய் வாங்கி வந்து, கழுவிய ஈரம் உலராமலே பெரும் பெரும் துண்டுகளாக வெட்டி, உப்பும் எலுமிச்சையும் இட்டுக் கலந்து மூடிவைத்து, குளிக்கச் சென்றேன். திரும்பி வந்து மூடியைத் திறந்தால், கிண்ணத்தின் அடியில் இரண்டு விரற்கடை நீர் தேங்கி நின்றது. வெள்ளரி துவண்டு கிடந்தது. முட்டைக்கோசு தனித்து மிதந்தது. ஒரு வாய்க்குக் காரட் மட்டும் வந்தது. மறுவாய்க்கு வெங்காயம் மட்டும் வந்தது. "இதற்குப் பெயர் என்ன, அண்ணா?" என்று தங்கை கேட்டாள். விடை கூற இயலவில்லை.

என் பிழையை எனக்கு உணர்த்தியவர் கிரிவலப் பாதையில் வெள்ளரிக்காய் விற்கும் மூதாட்டி ஒருவர். பௌர்ணமிதோறும் மலையைச் சுற்றி 14 கிலோமீட்டர் நடப்போர்க்காக வழிநெடுகக் கடைகள் அமைவது ஊரறிந்த செய்தி. அம்மூதாட்டி கூடையின் முன் அமர்ந்து, வாங்குவோர் வந்து நின்ற பின்னரே வெள்ளரியை நான்காகப் பிளந்து, உப்பும் மிளகாய்ப் பொடியும் தடவிக் கொடுத்துக்கொண்டிருந்தார். கூட்டமோ பெருங்கூட்டம். முன்னரே தடவி அடுக்கிவைத்தால் வேலை எளிதாகுமே என்று வினவினேன். அவர் என்னை நிமிர்ந்து பார்த்து, "உப்புப் போட்டு வச்சா காய் அழுதுடும் தம்பி" என்றார். யான் பள்ளியில் சவ்வூடு பரவல் என்னும் தலைப்பின்கீழ் மனப்பாடம் செய்து மதிப்பெண் பெற்ற உண்மையே அது. உப்புச் செறிவு வெளியே மிகும்போது, காயின் உயிரணுக்களில் உள்ள நீர் வெளியேறுகிறது. நீர் இழந்த காய் துவள்கிறது. நூலிற் கற்றதை அடுக்களையில் மறந்தேன். நூலறியாத அம்மூதாட்டி அதனைக் கைப்பழக்கத்தில் வைத்திருந்தார்.

அதன்பின் முறையை ஒருவாறு வகுத்துக்கொண்டேன். நால்வர்க்கு உரிய அளவு இது: நடுத்தர வெள்ளரி இரண்டு, காரட் இரண்டு, சிறிய முட்டைக்கோசிற் காற்பங்கு, குடைமிளகாய் ஒன்று, கெட்டியான தக்காளி மூன்று, பெரிய வெங்காயம் ஒன்று, முந்தின இரவு ஊறவைத்து வேகவைத்த கொண்டைக்கடலை 100 கிராம், வறுத்துத் தோல் நீக்கிய வேர்க்கடலை 50 கிராம், புதினாவும் கொத்தமல்லியும் ஒவ்வொரு பிடி. இவற்றுட் கொண்டைக்கடலையே அளவுகோல். ஏனைய காய்களையெல்லாம் அக்கடலையின் பருமனுக்கே நறுக்கவேண்டும். அவ்வாறு நறுக்கினால்தான் ஒரு கரண்டியில் எல்லாச் சுவையும் ஒருங்கே ஏறும். உணவகத்துச் சுவையின் முதல் மறைபொருள் இதுவே. தக்காளியின் விதைச்சாற்றை நீக்கிச் சதையை மட்டும் கொள்ளவேண்டும். அச்சாறு ரசத்திற்கு உதவும். வெங்காயத்தை நறுக்கிக் குளிர்ந்த நீரிற் பத்து நிமிடம் இட்டு வடித்தால் அதன் கடுமை தணியும். முட்டைக்கோசும் குளிர்நீரிற் சிறிது கிடந்தால் மொறுமொறுப்புப் பெறும். பின்னர் அனைத்தையும் தூய பருத்தித் துணியிற் பரப்பி ஈரம் போக ஒற்றவேண்டும். ஈரமுள்ள காயின்மேல் எண்ணெய் ஒட்டாது வழிந்துவிடும். இஃது இரண்டாவது மறைபொருள்.

கலவைச் சாற்றிற்குக் கடையில் ஒலிவ எண்ணெய் வார்க்கின்றனர். எங்கள் வீட்டில் செக்கிலாட்டிய கடலை எண்ணெயே போதியதாயிற்று. எண்ணெய் நான்கு மேசைக்கரண்டி, எலுமிச்சஞ் சாறு இரண்டு மேசைக்கரண்டி, தேன் ஒரு தேக்கரண்டி, கடுகுப் பொடி அரைத் தேக்கரண்டி, இடித்த மிளகு சிறிது ஆகியவற்றை மூடியுள்ள புட்டியில் இட்டுக் குலுக்கவேண்டும். எண்ணெயும் சாறும் இயல்பாக ஒன்றோடொன்று கலவாதன. கடுகு இடைநின்று அவற்றைச் சிறிது நேரம் பிரியாது பிணைக்கும். உப்பும் இச்சாறும் காயிற் சேரவேண்டிய காலம், உண்போர் இலைமுன் அமர்ந்த பின்னரேயாம். இது மூதாட்டி கற்பித்த மூன்றாவது மறைபொருள். வேர்க்கடலையை எல்லாவற்றிற்கும் இறுதியில் தூவவேண்டும். பச்சையாய் உண்பவை ஆதலின், தூய்மையைப் பற்றியும் ஒரு சொல் கூறல் கடன். ஓடும் நீரில் நன்கு தேய்த்துக் கழுவி, இறுதியிற் கொதித்து ஆறிய நீரால் ஒருமுறை அலசுதல் வேண்டும். உப்புநீர் ஒன்றே கிருமிகளையெல்லாம் போக்கிவிடும் என்று நம்பியிருத்தல் தவறு.

இம்முறைப்படி நிகழ்ந்த இரண்டாம் முயற்சி பெருவெற்றி பெற்றது. அவ்வெற்றியே என்னை உறங்கவிடாது செய்தது. நிகழ்ந்தது இது: அன்று எனக்குப் படிக்கவேண்டிய பாடம் இருந்தது. ஆதலின் அளவுகளை ஒரு தாளில் எழுதி அம்மாவிடம் கொடுத்து, "எல்லாம் கொண்டைக்கடலை அளவில் இருக்கவேண்டும், அம்மா" என்று வற்புறுத்திவிட்டு, நூலோடு திண்ணையில் அமர்ந்தேன். அம்மா அரிவாள்மனையை விரித்து, ஒன்றேகால் மணிநேரம் குனிந்த தலை நிமிராமல் நறுக்கினார். பின்னர் யான் எழுந்து சென்று, புட்டியைக் குலுக்கி, சாற்றை ஊற்றிக் கலந்தேன். அப்பா உண்டு வியந்து, "கடையிற் செய்ததுபோலவே இருக்கிறதே! தம்பி செய்தானா?" என்றார். "ஆம்" என்றேன். தங்கை இரண்டாம் முறை இட்டுக்கொண்டாள், யானும் இட்டுக்கொண்டேன். கிண்ணம் காலியாயிற்று. அம்மா எங்கட்குப் பின் உண்ண அமர்ந்து, சோற்றிற்கு மிஞ்சிய ரசத்தை ஊற்றிக்கொண்டு, "நன்றாய் இருந்ததா, தம்பி?" என்று என்னைக் கேட்டார். அவர் ஒரு துண்டேனும் வாயிலிட்டுப் பார்த்திருக்கவில்லை.

அக்கேள்வி என் நெஞ்சை அறுத்தது. செங்கம் சாலையில் யான் கொடுத்த 240 ரூபாயை அன்றிரவு எண்ணிப் பார்த்தேன். கிண்ணத்துள் இருந்த காய்களின் விலை அதில் ஒரு சிறு பகுதியே ஆகும். இடத்தின் வாடகையும் ஏனைய செலவும் உரிமையாளர் ஊதியமும் ஒரு பகுதி. எஞ்சியது, திரைக்குப் பின்னால் விடியற்காலை முதல் நின்று, கடலையளவாக நறுக்கிக்கொண்டிருக்கும் ஒருவருடைய கையுழைப்பின் விலை. அவர் முகத்தை யான் ஒருநாளும் கண்டதில்லை; காண எண்ணியதுமில்லை. ஆயினும் கடையில் அவ்வுழைப்பிற்கு, சிறிதோ பெரிதோ, ஒரு கூலி உண்டு. யான் அச்சுவையை வீட்டிற்குக் கொணர்ந்தபோது கூலியை நீக்கினேன், உழைப்பை நீக்கவில்லை. அதனைத் தூக்கி அம்மாவின் மடியில் வைத்துவிட்டு, பெயரை மட்டும் யான் எடுத்துக்கொண்டேன். இதனைச் சிக்கனம் என்று சொல்லத் துணிவேனோ?

வேதப் புத்தகத்தில் எண்ணாகமத்தில் வரும் நிகழ்ச்சி ஒன்று அப்போது நினைவிற்கு வந்தது. இஸ்ரவேலர் வனாந்தரத்தில் மன்னாவை உண்டு சலித்து, எகிப்திலே தாம் உண்ட வெள்ளரிக்காயையும் வெங்காயத்தையும் பூண்டையும் நினைத்து அழுதனர். அவற்றைச் செலவின்றி உண்டதாகவும் சொல்லிக்கொண்டனர். அங்கே அவர்கள் அடிமைகளாய்ச் செங்கல் அறுத்த நாட்கள் அந்நேரம் நினைவில் எழவில்லை. வெள்ளரியின் குளிர்ச்சி மட்டுமே எழுந்தது. இவ்வதிகாரத்தை ஓய்வுநாட் பள்ளியிற் படித்த காலத்தில் அவர்களது நன்றியின்மையைக் கண்டு யான் வியந்ததுண்டு. இன்று வியப்பு அவர்கள்மேல் இல்லை. நாவின் நினைவு நெடியது. அதனினும் நெடிதாக இருக்கவேண்டிய உழைப்பின் நினைவு எளிதில் அறுந்துவிடுகிறது.

பழந்தமிழ்ப் புலவர் இதனை மறந்தாரல்லர். பத்துப்பாட்டின் இறுதியில் நிற்கும் மலைபடுகடாம், 583 அடிகளால் இயன்றது. இதன் தலைவனாகிய நன்னன், இன்று எங்கள் மாவட்டத்துச் செங்கமாக விளங்கும் செங்கண்மாவை ஆண்டவன். யான் சாலட்டிற்காக நடந்த செங்கம் சாலை, அக்கூத்தர் பரிசில் நாடிச் சென்ற ஊரை நோக்கியே செல்கிறது என்பது எண்ணுந்தோறும் இன்பம் தருவது. அந்நூலில் பெருங்கௌசிகனார், வழியில் மலைநாட்டு மனைதோறும் கூத்தர்க்குக் கிடைக்கும் உணவை விரிக்கிறார். மோரும் புளியும் பலாக்கொட்டை மாவும் மூங்கிலரிசியும் அங்கே சொல்லப்படுகின்றன. அவ்வளவில் அவர் நின்றுவிடவில்லை. அச்சோற்றை ஆக்கியவள் குறமகள் என்பதையும், அவர்கள் தம் மக்களைத் தடுப்பதுபோல் விருந்தினரைப் போகவிடாது தடுத்து மகிழ்ச்சியோடு ஊட்டுவர் என்பதையும் உடன் சேர்த்தே உரைக்கிறார். அரசனைப் பாடவந்த புலவர்க்கு அடுக்களையில் நின்றவளைச் சுட்ட இடம் இருந்தது. அப்பா வினவியபோது அம்மாவின் பெயரைச் சொல்ல எனக்கு இடம் இல்லாமற் போயிற்று.

எங்கள் ஊரிலேயே வேறொரு சான்றும் உண்டு. 1950-ஆம் ஆண்டில் மறைந்த ரமண மகரிஷி, ஆண்டுகள் பலவாக விடியற்காலையில் ஆசிரமத்து அடுக்களையில் அமர்ந்து, பிறரோடு காய்கறி நறுக்கினார் என்றும், தோலும் காம்பும் வீணாகாதபடி பார்த்துக்கொண்டார் என்றும் உடனிருந்தோர் எழுதிவைத்துள்ளனர். சமயத்தால் யான் வேறு நெறியினன். எனினும் பலரும் வணங்கிய ஒருவர் காய் நறுக்குதலைத் தமக்கு இழிவாகக் கருதவில்லை என்பது எவர்க்கும் பாடமாகும். எம்முடைய சுவிசேஷத்திலும், உயிர்த்தெழுந்த ஆண்டவர் திபேரியாக் கடற்கரையில், இரவெல்லாம் உழைத்துக் களைத்த சீடர்களுக்காகத் தாமே கரிநெருப்பு மூட்டி, மீனும் அப்பமும் ஆயத்தம் செய்து, உண்ண வாருங்கள் என்று அழைத்ததாக யோவான் எழுதுகிறார். சமைத்துப் பரிமாறுதல் பெண்டிர்க்கே உரியதென்று வாதிடுவோர் அக்கடற்கரையைச் சிறிது நோக்குவாராக.

ஆதலின் என் கருத்தைத் தெளிவாகக் கூறுகிறேன். உணவகத்திற் கண்ட சுவையை இல்லத்திற்குக் கொணர விரும்புவோன், அதற்குரிய அரிவாள்மனையையும் தானே எடுக்கக் கடவன். நறுக்கும் வேலையைப் பிறர்மேல் ஏற்றி, கலக்கும் வேலையை மட்டும் தான் செய்வானாயின், அவன் சமைத்தவன் ஆகான். வீட்டில் ஒரு புதிய வேலையைப் பெருக்கியவனே ஆவான். புதிய உணவு ஒன்றைப் பற்றி நாம் பேசும்போதெல்லாம், "எப்படிச் செய்வது?" என்று கேட்கிறோம். "யார் செய்வது?" என்னும் கேள்வி அதற்கு முன்னரே எழவேண்டும்.

இதற்குச் சொல்லப்படும் தடைகள் இரண்டு. மாணவனுக்குப் பாடம் இருக்கிறதே, நேரம் எங்கே என்பது ஒன்று. யான் திண்ணையில் நூலோடு இருந்த ஒன்றேகால் மணிநேரத்திற் படித்தவை ஐந்து பக்கங்கள். கைப்பேசியைப் பார்த்த நேரம் அதனினும் மிகுதி. இதனை மறைத்துப் பயனில்லை. மற்றொன்று, அம்மாமார் இதனை அன்பினாற் செய்கின்றனர், அதைத் தடுத்தல் அவர்களை வருத்துமே என்பது. அன்பினாற் செய்யப்படுவது என்பதனாலேயே அதனை எல்லையின்றிப் பெற்றுக்கொள்ளும் உரிமை நமக்கு வந்துவிடாது. அன்பிற்கு விடை அன்பே என்பது உண்மையாயின், அவ்விடையை வாயால் மட்டுமன்றிக் கையாலும் கூறலாமன்றோ?

மூன்றாம் முறை யானே நறுக்கினேன். அரிவாள்மனையின் முன் அமர்ந்து, அதன் அடிப்பலகையைக் காலால் அழுத்திப் பிடிப்பதற்கே கால்மணி நேரம் பழகவேண்டியிருந்தது. கத்தியைக் காய்மேற் செலுத்துதல் வேறு. நிற்கும் அரிவாளை நோக்கிக் காயைச் செலுத்துதல் வேறு. "விரலை மடக்கிப் பிடி தம்பி, கண்ணைக் காயில் வை" என்று அம்மா அருகிருந்து கற்பித்தார். கற்பிக்கும்போது அவர் முகத்திற் கண்ட பெருமிதத்தை யான் அதற்குமுன் கண்டதில்லை. இருபது ஆண்டுப் பயிற்சியை உடைய ஓர் ஆசிரியர் எங்கள் அடுக்களையிலேயே இருந்தார். யான் மாணவனாக ஒருநாளும் சென்றதில்லை. என் துண்டுகள் சில கடலையாகவும், சில புளியங்கொட்டையாகவும், சில நெல்லிக்காயாகவும் விழுந்தன. கட்டைவிரலில் ஒரு சிறு கீறலும் பெற்றேன். வேலை முடிய ஒன்றரை மணிநேரம் ஆயிற்று. பின்னர் அம்மாவை முதலில் அமரச் செய்து, உப்பும் சாறும் கலந்து, முதற் கிண்ணத்தை அவர் கையிற் கொடுத்தேன். அவர் ஒரு வாய் உண்டு, சிறிது நேரம் மென்று, "நன்றாய்த்தான் இருக்கிறது, உப்புக் கொஞ்சம் குறைவு" என்றார். அவர் சொன்னது உண்மையே. அதற்கு முன் எத்தனையோ ஆண்டுகளாக அவர் சமைத்தவற்றிற்கு இத்தகைய தீர்ப்புகளை யாங்கள் மூவரும் நாள்தோறும் வழங்கி வந்தோம். தீர்ப்பு வழங்கும் இடத்தில் அவர் அமர்ந்து யான் கண்டது அதுவே முதல் முறை. உப்புச் சாடியை எடுத்து அவரிடம் நீட்டினேன்.

இவ்விடுமுறையில் தத்தம் இல்லம் செல்லும் நண்பர்காள்! நீங்கள் எந்த ஊரினராயினும், உங்கள் நாவைக் கவர்ந்த கடையுணவு ஒன்று இருக்கும். அதனை வீட்டிற் செய்து பாருங்கள். மேற்சொன்ன அளவுகள் உதவுமாயின் கொள்ளுங்கள். கொண்டைக்கடலையை முந்தின இரவே ஊறவைக்க மறவாதீர்கள். உப்பை முன்னரே இட்டுக் காயை அழவிடாதீர்கள். அரிவாள்மனையின் முன் நீங்களே அமருங்கள். விரலை மடக்கிப் பிடிக்கும் முறையை உங்கள் அம்மாவிடம் கேட்டுக் கற்றுக்கொள்ளுங்கள். உண்ணும்போது அவரையும் உடன் அமர்த்தி, உப்புச் சரியாக இருக்கிறதா என்று அவரைக் கேளுங்கள்.